அறுந்த வலைக்குக் கணக்குப் பார்க்கும் முறை பிழை

ஆசிரியர் அவர்களுக்கு,

இலங்கையின் வடகடலில் இந்திய இழுவைப்படகுகள் அறுத்த வலைகளுக்கு நட்டஈடு என்ற பேச்சு வந்தால், கடையில் வலை விற்கும் விலையைத்தான் எல்லோரும் கேட்கிறார்கள். கடையில் கிடைப்பது வெறும் வலைத்துணி. 100 மீற்றர் துணியைப் பாதியாகச் சுருக்கிக் கயிற்றில் கட்டினால் 50 மீற்றர் வலைதான் வரும். சுருக்காமல் இழுத்துக் கட்டினால் கண் விரியாது, மீன் படாது. அதன் பிறகு மேற்கயிறு, அடிக்கயிறு, மிதப்பு, ஈயம், கொடிக்கம்பு, விளக்கு, கட்டுகூலி. 2009இல் போர் முடிந்த பின் வெறுங்கையோடு கரைக்குத் திரும்பியவர்கள் இவ்வளவையும் கடனுக்குத்தான் வாங்கினார்கள். 2022 ஓகஸ்டில் எஞ்சினுக்கு ஊற்றும் மண்ணெண்ணெய் லீற்றர் 87 ரூபாவிலிருந்து 340 ஆனபோதும் அந்தக் கடனின் தவணை நிற்கவில்லை.

இழுவைப்படகுகள் பெரும்பாலும் திங்கள், புதன், சனியில் வருகின்றன. அந்த இரவுகளில் வலை விடாமல் கரையில் இருப்பவரின் இழப்பு எந்தப் படிவத்திலும் ஏறுவதில்லை. தமிழ்நாட்டின் ஏப்ரல் 15 – ஜூன் 14 மீன்பிடித் தடைக்காலம் ஒன்றுதான் ஆறுதல்.

வலை போவதை விட உயிர் போவது பெரிது. மிதக்கவிட்ட வலையின் நுனி படகில் கட்டியிருக்கும். இழுவைப்படகு அந்த வலையைக் கொளுவினால் 18 அடி பைபர் படகும் சேர்ந்து இழுபடும். கயிறு எஞ்சின் பக்கம் கட்டியிருந்தால் பின்பக்கம் தாழ்ந்து தண்ணீர் ஏறிவிடும். ஆகவே படகின் முன்பக்கமான அணியத்தில் மட்டும், தொங்கும் முனையைக் கையால் இழுத்தால் கழரும் முடிச்சாகக் கட்ட வேண்டும். கத்தி கைக்கெட்டும் இடத்தில் இருக்கட்டும். கயிறு எஞ்சினின் காற்றாடியில் சுற்றியிருக்கிறதா என்று பார்க்காமல் எஞ்சினை இயக்கக் கூடாது.

வலை விடும்போதே இரண்டு முனைகளையும் ஜிபிஎஸ்ஸில் பதிய வேண்டும். அறுந்தால் மிஞ்சிய துண்டைப் படமெடுத்து, அன்றைக்கே சங்கத்திலும் கடற்றொழில் பரிசோதகரிடமும் பொலிஸிலும் பதிய வேண்டும். இரண்டு நாள் கழித்துப் போனால் பாறையில் கிழிந்ததென்று சொல்லிவிடுவார்கள்.

கடலடியை வாரி இழுக்கும் இழுவைமடித் தொழிலை இலங்கையின் 2017ஆம் ஆண்டுச் சட்டம் தடைசெய்தது. உள்ளூர் இழுவைப்படகுகளுக்கும் அதுதான் சட்டம். அதை மறைத்துவிட்டு அயலாரை மட்டும் குறை சொன்னால் யார் கேட்பார்கள்?

துணி, கயிறு, ஈயம், மிதப்பு, கூலி, தொழிலுக்குப் போகாத நாள் என்று தனித்தனி நிரல் கொண்ட ஒரே படிவத்தைக் கடற்றொழில் திணைக்களம் எல்லாச் சங்கங்களுக்கும் வாடைக்காற்றுக் காலத்துக்கு முன்பே தர வேண்டும்.

கடற்றொழிலாளர் சிலர்,
வடமராட்சி.