காசாபிளாங்காவின் கார்ல்

ஆசிரியருக்கு,

'காசாபிளாங்கா' (1942) என்ற ஹாலிவுட் படத்தைச் சொன்னதும் எல்லோரும் நாயகன் போகார்ட், நாயகி பெர்க்மனோடு நிறுத்திக்கொள்கிறார்கள். தலைமை வெயிட்டர் கார்லாக வரும் எஸ்.இசட். சாகாலையும் கொஞ்சம் கவனிக்கலாமே. 1883-இல் புடாபெஸ்டில் பிறந்தவர். அங்கே மேடைக்கு நகைச்சுவை எழுதினார், அப்புறம் நடிகராகி வியன்னா, பெர்லின் வரை பேர் வாங்கினார். யூதர் என்பதால் ஹிட்லர் ஆட்சிக்கு வந்ததும் ஜெர்மனியைவிட்டுக் கிளம்பவேண்டியதாயிற்று. ஹாலிவுட் போய்ச் சேரும்போது வயது ஐம்பதைத் தாண்டிவிட்டது. கொச்சை ஆங்கிலத்தையே முதலாக்கிக்கொண்டார். வார்னர் படநிறுவனமோ அவரைக் கன்னத்தில் கைவைத்துப் பதறும் தாத்தாவாகவே திரும்பத் திரும்பக் காட்டியது. எனக்கு அதில் வருத்தம்தான். ஏனென்றால், காசாபிளாங்காவில் அமெரிக்கா கிளம்பும் முதிய தம்பதி தப்பும் தவறுமாக ஆங்கிலம் பேசிக்காட்டும்போது, கார்லாக இவர் சிரிக்காமல் பாராட்டுகிறாரே, அது தேர்ந்த மேடை நடிகரின் வேலை. நாயகன் நாயகி இருவருமே இல்லாத அந்தத் துளிக் காட்சிக்காகவே படத்தை இன்னொரு முறை பார்க்கலாம்.

இப்படிக்கு,
ஒரு பழைய சினிமா ரசிகர்