ஸ்டெப்னி பிறந்த தெரு

நாமக்கல்,
ஞாயிறு மாலை

அன்புள்ள சண்முகம்,

உன் கடிதம் போன வாரமே வந்துவிட்டது. முட்டி ஆபரேஷன் முடிந்து, கோல் ஊன்றிக்கொண்டு வாசல் வரை நடக்கிறாய் என்று படித்த பிறகுதான் எனக்கு நிம்மதி. பிசியோதெரபிக்கு வருகிற பையன் "சார், இன்னும் பத்து தடவை" என்று உன்னை விடாமல் மடக்க வைக்கிறான் என்று எழுதியிருந்தாயே, அதை இங்கே சத்தமாகப் படித்துக் காட்டினேன். முப்பது வருஷம் பிள்ளைகளை இம்போசிஷன் எழுத வைத்த வாத்தியாருக்கு இது தேவைதான் என்கிறாள் என் வீட்டுக்காரி. அவள் சொன்னதாகவே வைத்துக்கொள்.

நாங்கள் ஊர் திரும்பி இருபது நாள் ஆகிறது. மூன்று மாதம் வேல்ஸில், ஸ்வான்சியில், மகள் வீட்டில் இருந்தோம். அவளுக்கு ஆஸ்பத்திரியில் பாதி நாள் இரவு ஷிப்டு. பேரனைப் பள்ளிக்கூடம் கொண்டுபோய் விடுவதும் கூட்டி வருவதும் என் வேலை. அவன் தமிழில் கேட்டால் இங்கிலீஷில் பதில் சொல்கிறான். பள்ளியில் வெல்ஷ் வேறு. ரோட்டில் 'ஸ்லோ' என்று வெள்ளைப் பெயிண்டில் எழுதியிருக்கும் இடத்திலெல்லாம் கூடவே 'அராவ்' என்றும் எழுதியிருக்கிறார்கள். அதுதான் வெல்ஷில் 'மெதுவாக' என்று எனக்குப் பாடம் எடுத்தவன் அந்த ஆறு வயசுப் பொடியன்தான். குளிரையும் மழையையும் பற்றி எழுதி உன்னை அறுக்கப் போவதில்லை. நான் எழுத உட்கார்ந்ததே வேறு விஷயத்துக்கு. நமக்குள் ஒரு பந்தயம் பாக்கி இருக்கிறது, ஞாபகம் வருகிறதா?

1991இல் பட்டறையைப் பெரிதாக்க பேங்கில் கடன் கேட்டிருந்தேன். சாமான் பட்டியலை ஆங்கிலத்தில் எழுதி உன்னிடம் திருத்தக் கொடுத்தேன். அதில் 'ஸ்டெப்னி – 4' என்று இருந்ததை நீ சிவப்பு மையால் அடித்து 'ஸ்பேர் வீல்' என்று மாற்றினாய். மாற்றியதோடு விட்டாயா? "ஸ்டெப்னி என்று இங்கிலீஷில் ஒரு சொல்லே கிடையாதுடா, லாரி டிரைவர்கள் யாரோ எதையோ காதில் வாங்கி உளறியது" என்று என் பையன்கள் முன்னாலேயே சொன்னாய். எனக்குச் சுருக்கென்று இருந்தது. ஒரு கிலோ ராசிபுரம் நெய் பந்தயம் என்றேன். நீயும் சரி என்றாய். அப்புறம் நிரூபிக்க என்னிடம் ஒன்றும் இல்லாததால் பேச்சு அப்படியே ஆறிப்போய்விட்டது.

அது மறுபடி கிளம்பியது இப்படித்தான். ஒரு சனிக்கிழமை எல்லோருமாக கவர் என்கிற பக்கம் கடற்கரைக்குக் கிளம்பினோம். வழியில் பின்சக்கரம் பஞ்சர். நாற்பது வருஷம் லாரிச் சக்கரம் கழற்றிய கை, சும்மா இருக்குமா? ஸ்வெட்டர் கையை மடித்துவிட்டுக்கொண்டு டிக்கியைத் திறந்து, தரை விரிப்பைத் தூக்கிப் பார்த்தால் உள்ளே சக்கரமே இல்லை. சக்கரம் இருக்க வேண்டிய பள்ளத்தில் ஒரு பிளாஸ்டிக் பாட்டிலும் சின்னதாக ஒரு காற்றடிக்கிற மெஷினும் கிடந்தன. பாட்டிலில் இருக்கும் பசையை டயருக்குள் ஏற்றி, காற்றடித்து, மெதுவாக ஓட்டிப் போக வேண்டுமாம். டயர் பக்கவாட்டில் கிழிந்திருந்ததால் அதுவும் பயன்படவில்லை. உதவிக்குப் போன் செய்து ஒன்றரை மணி நேரம் காத்திருந்தோம். வந்த மெக்கானிக் நல்ல மனுஷன், என் வயசு இருக்கும். "நோ ஸ்டெப்னி?" என்று கேட்டேன். "ஸ்டெப்னியா? அது லண்டனில் அல்லவா இருக்கிறது?" என்றான். லண்டனின் கிழக்குப் பகுதியில் அந்தப் பேரில் ஒரு பேட்டை உண்டு. மாப்பிள்ளை மெல்ல என் காதருகே, "மாமா, அதெல்லாம் நம்ம ஊர் இங்கிலீஷ், இங்கே சொன்னால் புரியாது" என்றார். உன் சிவப்பு மை அங்கேயும் வந்து நின்றது போல இருந்தது எனக்கு.

சரி, ஒத்துக்கொண்டேன். இரண்டு வாரம் கழித்து, லனெத்லி என்கிற ஊருக்குப் போனோம். ஸ்வான்சியிலிருந்து அரை மணி நேரம்கூட ஆகாது. அந்த ஊர்ப் பேரைச் சொல்வதே ஒரு வித்தை. நமக்கு ழகரம் போல அவர்களுக்கென்று ஒரு லகரம் இருக்கிறது. நாக்கை 'ல'வுக்கு வைத்துக்கொண்டு பக்கவாட்டில் காற்றை மட்டும் ஊத வேண்டும். நான் ஊதினால் பேரன் விழுந்து விழுந்து சிரிக்கிறான். ஒரு காலத்தில் தகரத்துக்குப் பேர்போன ஊர் அது. அங்கே ரக்பிதான் சாமி. மைதானத்துக் கோல் கம்பங்களின் உச்சியில் சிவப்பு வாணலிச்சட்டி கவிழ்த்து வைத்திருப்பார்கள் என்றால் நம்புவாயா? தகரச் சட்டி செய்து பிழைத்த பெருமைதான், வேறொன்றுமில்லை. கடைத்தெருவுக்குள் நுழைந்து, மகள் ஏதோ கடைக்குள் போய்விட, நான் வெளியே நின்று அண்ணாந்து பார்த்தேன். சுவரில் தெருப் பேர்: ஸ்டெப்னி தெரு.

எனக்கு உடம்பு சிலிர்த்தது என்று எழுதினால் நீ சிரிப்பாய். ஆனால் சிலிர்த்தது.

அங்கிருந்து நேராக நூலகத்துக்குப் போனேன். அங்கே இருந்த அம்மா, நான் கேட்டு முடிப்பதற்குள் "டேவிஸ் சகோதரர்கள்!" என்று எழுந்தே விட்டார். இந்த மாதிரி ஒருவன் வரமாட்டானா என்று காத்துக்கொண்டிருந்தவர் போல உள்ளூர் வரலாற்றுப் புத்தகங்களை எடுத்து அடுக்கினார். அதிலிருந்து நான் தெரிந்துகொண்டதைச் சொல்கிறேன். உனக்கு மோட்டார் வேலை தெரியாது என்பதால் கொஞ்சம் விளக்கமாகவே.

ஆரம்ப காலக் கார்களில் சக்கரத்தைக் கழற்றி மாற்றுகிற ஏற்பாடே கிடையாது. மாட்டுவண்டி மாதிரி மரக் கால்கள் வைத்த சக்கரம், அச்சோடு நிரந்தரமாக நிற்கும். ரோடெல்லாம் குதிரைகள் ஓடிய காலம் வேறு. லாடத்திலிருந்து உதிர்ந்த ஆணிகள் வழியெங்கும் கிடக்கும். பஞ்சரானால் அந்த இடத்திலேயே ஜாக்கி போட்டுத் தூக்கி, சக்கரம் அச்சிலேயே இருக்க, லிவரை விட்டு டயரை நெம்பி எடுத்து, டியூபை ஒட்டி, மறுபடி நெம்பி உள்ளே தள்ளி, கைப்பம்பால் காற்றடிக்க வேண்டும். மழையில், இருட்டில், கோட்டு சூட்டோடு. நான் பட்டறையில் வெளிச்சத்தில் உட்கார்ந்து செய்ததே எவ்வளவு முதுகு வலி என்று எனக்குத்தான் தெரியும்.

தாமஸ் மாரிஸ் டேவிஸ் என்பவர் சகோதரர் வால்டரோடு அந்தத் தெருவில் இரும்புச் சாமான் கடை வைத்திருந்தார். 1904இல் அவருக்கு ஒரு யோசனை தோன்றியது. ஆரக்கால் இல்லாத வெறும் வளையம், அதன் மேல் ஏற்கெனவே காற்றடித்து வைத்த டயர். பஞ்சரான சக்கரத்தை யாரும் தொடவே வேண்டாம். அதன் பக்கத்திலேயே இந்த வளையத்தை ஒட்டி வைத்துக் கொக்கிகளால் இறுக்கிவிட்டு, வண்டியை எடுத்துக்கொண்டு போய்க்கொண்டே இருக்கலாம். ஊர் போய்ச் சேர்ந்து சாவகாசமாகப் பழைய டயரை ஒட்டிக்கொள்ளலாம். யோசித்துப் பார், எவ்வளவு எளிய வேலை! பெரிய கம்பெனி இன்ஜினியர் யாருக்கும் தோன்றாமல், ஆணியும் கொக்கியும் விற்றுக்கொண்டிருந்த கடைக்காரருக்குத் தோன்றியிருக்கிறது. எனக்கு அதில் ஒன்றும் ஆச்சரியம் இல்லை. கையில் கிரீஸ் படாதவனுக்கு இந்த மாதிரி யோசனை வராது.

1906இல் கம்பெனியே ஆரம்பித்துவிட்டார்கள். தெருப் பேரையே சக்கரத்துக்கு வைத்தார்கள். கண்டம் விட்டுக் கண்டம் விற்றது. லண்டன் டாக்சிகளிலெல்லாம் எங்கள் சக்கரம்தான் என்று 1909 வாக்கில் மார்தட்டியிருக்கிறார்கள். ஆனால் யோகம் நீடிக்கவில்லை. நட்டைக் கழற்றினால் சக்கரம் முழுசாகக் கையோடு வருகிற ஏற்பாடு பரவியதும், வேறொரு முழுச் சக்கரத்தையே வண்டியில் கட்டிக்கொண்டு போக முடிந்தது. டேவிஸின் வளையத்துக்கு வேலை போயிற்று.

இங்கேதான் விஷயம் இருக்கிறது, கவனி. பொருள் போனாலும் பேர் கொஞ்ச காலம் நின்றது. புதிதாக வந்த முழுச் சக்கரத்தையும் பழைய பழக்கத்தில் ஸ்டெப்னி என்றே கூப்பிட்டார்கள். அப்புறம் அங்கே அதுவும் வழக்கொழிந்தது. ஆனால் காரோடு கப்பல் ஏறி வந்த சொல் நம் பக்கம் ஒட்டிக்கொண்டது. இந்தியா முழுக்கச் சொல்கிறோம், வங்காளதேசத்தில் சொல்கிறார்கள், மால்டா தீவில் சொல்கிறார்கள். பிரேசிலில் மாற்றுச் சக்கரத்துக்கு 'எஸ்டெப்பி' என்று பேர். அதுவும் இதிலிருந்து வந்ததுதான். இத்தனை ஊரில் உயிரோடிருக்கும் சொல், அது பிறந்த தெருவிலிருந்து அரை மணி நேர தூரத்தில், டயர் மாற்றியே பிழைக்கும் ஒருவனுக்குத் தெரியவில்லை.

உனக்காக ஆக்ஸ்போர்டு அகராதியையும் புரட்டினேன். இருக்கிறதப்பா! வண்டியின் உபரிச் சக்கரம் என்று பொருள் போட்டு, பழங்கால வழக்கு என்று குறியும் போட்டிருக்கிறார்கள். அந்தக் குறியைப் பிடித்துக்கொண்டு நீ தப்பிக்கப் பார்ப்பாய், தெரியும். "சொல்லே கிடையாது" என்பதுதான் உன் வாதம். செத்துப்போன சொல் என்று நீ அன்றைக்குச் சொல்லியிருந்தால் நான் வாயை மூடிக்கொண்டிருப்பேன்.

இதில் இன்னொரு வேடிக்கை. ஸ்டெப்னி என்பது முதலில் ஒரு குடும்பப் பேர். லனெத்லியில் நிறைய நிலம் வைத்திருந்த பெரிய குடும்பம். தெருவுக்கு அந்தப் பேர். தெருவிலிருந்து கம்பெனிக்கு, கம்பெனியிலிருந்து சக்கரத்துக்கு. அதோடு நின்றதா? நம் ஆட்கள் கையில் கிடைத்த பிறகு அது சக்கரத்தைவிட்டே இறங்கிவிட்டது. நம் பையன்கள் கிரிக்கெட் ஆடும்போது பன்னிரண்டாவது ஆள் ஸ்டெப்னி. கல்யாணச் சமையலுக்கு வராமல் போகிறவனுக்குப் பதிலாகக் கூட்டி வருகிற ஆள் ஸ்டெப்னி. ஊரில் சில பெரிய மனுஷர்களின் இரண்டாவது வீட்டைப் பற்றிப் பேசும்போதும் இதே சொல்தான். அது கேவலமான பேச்சு, பட்டறையில் யாராவது சொன்னால் திட்டுவேன், ஆனால் சொல்கிறார்கள். எங்கேயோ இருக்கும் அந்த ஜமீன் குடும்பத்துக்கு இது தெரிந்தால் என்ன நினைப்பார்கள் என்று லனெத்லியில் நின்றபடியே யோசித்துச் சிரித்தேன். நூலக அம்மாவிடம் அந்த மூன்றாவது பொருளைச் சொல்லவில்லை.

டிக்கியும் இதே ஜாதிதான் என்று அவர் சொன்னார். முதலில் குதிரை வண்டியில் ஓட்டுகிறவனோ வேலைக்காரனோ உட்காரும் ஆசனம். அப்புறம் காருக்குப் பின்னால் மடக்கி விரிக்கிற ஆசனம். ஆசனம் போய் சாமான் வைக்கும் இடமாக மாறிய பிறகும் நாம் மட்டும் அந்தப் பேரை விடவில்லை. நாம் சாப்பிடும் டிபன்கூட அவர்கள் ஊர்க் கொச்சையில் சின்னதாக ஒரு மடக்கு குடிப்பதைக் குறித்த சொல்லிலிருந்து வந்ததாம். ஒரு மடக்கு சாராயத்தில் ஆரம்பித்து இட்லிக்கு வந்திருக்கிறது பார்! இதைப் பற்றி நீதான் எனக்குச் சொல்லித் தர வேண்டும். இங்கிலீஷ் எம்.ஏ. நீதானே.

ஊர் வந்ததும் ஒரு சங்கடம் காத்திருந்தது. மகன் புதிதாக கரண்ட் கார் புக் செய்திருக்கிறான். டெலிவரி எடுக்க நானும் போனேன். பழக்க தோஷம், டிக்கியைத் திறந்து விரிப்பைத் தூக்கினேன். இங்கேயும் அதே பாட்டில். கேட்டால், டியூப்லெஸ் டயரும், காற்று குறைந்தால் எச்சரிக்கிற கருவியும், ஒட்டுகிற கிட்டும் இருந்தால் சின்ன வண்டிகளுக்கு மாற்றுச் சக்கரம் கட்டாயம் இல்லை என்று 2020இலேயே மத்திய அரசு விதியைத் திருத்திவிட்டதாம். ஷோரூம் பையன் அதைப் பெருமையாகச் சொல்கிறான், இடம் மிச்சமாம். சாமான் வைக்கலாமாம். கொல்லிமலைக் கொண்டை ஊசி வளைவில் டயர் கிழிந்தால் அந்த இடத்தில் என்ன சாமானை வைத்துக்கொண்டு அழுவது என்று கேட்டேன். மகன் என்னை வெளியே கூட்டிக்கொண்டு வந்துவிட்டான்.

பட்டறையில் மணியிடம் இதைச் சொன்னேன். அவனுக்கு இருபத்திரண்டு வயசு. "அப்ப ஸ்டெப்னின்னா என்னன்னு இனி வர்ற பசங்களுக்குத் தெரியாதுங்களா?" என்றான். லாரி இருக்கிற வரைக்கும் தெரியும் என்றேன். லாரிக்கு அடியில் சங்கிலியில் தொங்குகிற ஸ்டெப்னியைப் பாட்டிலில் அடைக்க இன்னும் யாருக்கும் துணிச்சல் வரவில்லை.

சரி, உன் பேத்தியின் ரிசல்ட் என்ன ஆயிற்று? கடிதத்தில் பாதியில் விட்டுவிட்டாய். கவுன்சலிங்குக்கு இந்தப் பக்கம் வருவதாக இருந்தால் நம் வீட்டில்தான் தங்க வேண்டும், லாட்ஜ் கீட்ஜ் என்று பேசாதே. உனக்கு டாக்டர் எப்போது பஸ் ஏறலாம் என்று சொல்கிறாரோ அப்போது நீயும் வா. கோலோடு வந்தாலும் பரவாயில்லை.

நெய் மட்டும் நீயே கொண்டுவர வேண்டும். ராசிபுரத்தில் இறங்கி வாங்கு, அரை கிலோ பாக்கெட் இரண்டு என்று ஏமாற்றாதே, ஒரே தூக்கில் ஒரு கிலோ. அந்தத் தெருப் பலகையை போட்டோ எடுத்து வைத்திருக்கிறேன். பலகைக்குக் கீழே நிற்பது நான்தான். கொஞ்சம் அதிகமாகவே நிமிர்ந்து நிற்கிறேன்.

அன்புடன்,
பழனிசாமி