அம்மா கையெழுத்துப் போடவில்லை

அன்புள்ள மாப்பிள்ளைக்கு,

போன ஞாயிற்றுக்கிழமை ஊருக்குப் போய் உன் அம்மாவைப் பார்த்துவிட்டு வந்தேன். போனில் நீ பதறிய அளவுக்கு எதுவும் கைமீறிப் போகவில்லை. அம்மா கையெழுத்துப் போடவில்லை. முதலில் அதைச் சொல்லிவிடுகிறேன், நிம்மதியாக மேலே படி.

தோப்பை ஒட்டிய வண்டிப்பாதையைத் தார்ச்சாலை ஆக்கப் போகிறார்கள். அதற்காக ஊராட்சியிலிருந்து இரண்டு பேர் வந்து, வரப்பைத் தாண்டி உள்ளே இருக்கிற தென்னைகளில் சிவப்புப் பெயிண்ட் அடித்துவிட்டுப் போயிருக்கிறார்கள். எண்ணிப் பார்த்தேன், பன்னிரண்டு மரம். உன் அப்பா கிணற்றிலிருந்து குடம் குடமாகச் சுமந்து ஊற்றி வளர்த்த வரிசை. மறுநாள் ஒரு காகிதம் வந்திருக்கிறது. "சாலைக்கு நிலம் விட்டுக்கொடுப்பதில் எனக்கு ஆட்சேபணை இல்லை" என்று ஒரே வரி. சர்வே எண் எழுத வேண்டிய இடம் காலி, எத்தனை சென்ட் என்கிற இடமும் காலி. அம்மா, "கண்ணாடி உடைஞ்சு கிடக்கு, பையன் வந்து படிச்சுச் சொல்லட்டும்" என்று வாங்கி ரேஷன் கார்டோடு வைத்துக்கொண்டார்.

புல வரைபடத்தை எடுத்துப் பார்த்தேன். வண்டிப்பாதை 3 மீட்டர் அகலம். அது புறம்போக்கு, அதில் நமக்குப் பேச்சே இல்லை. பெயிண்ட் அடித்த கோடு அதற்கும் மேலே 2 மீட்டர் நம் பட்டாவுக்குள் வருகிறது. நீளம் 90 மீட்டர். கிட்டத்தட்ட நாலரை சென்ட்.

சாலை வேண்டாம் என்று நான் சொல்ல மாட்டேன், நீயும் சொல்ல மாட்டாய். ஐப்பசி மழையில் அந்தச் சேற்றுக்குள் பிரசவ வலியில் துடித்த பெண்ணைக் கயிற்றுக் கட்டிலில் வைத்துத் தூக்கிப் போனோமே, மறக்குமா? ஆனால் ஊராட்சியே கோடு போட்டு, ஊராட்சியே எடுத்துக்கொள்ள முடியாது. பட்டா நிலம் வேண்டுமென்றால் பேசிக் கிரயத்துக்கு வாங்க வேண்டும். இல்லையென்றால் அரசு வழியாக, நிலம் எடுக்கும் சட்டப்படி எடுக்க வேண்டும். இரண்டும் இல்லையென்றால் சொந்தக்காரர் மனமுவந்து தானம் எழுதிக் கொடுக்க வேண்டும். மரத்தில் பெயிண்ட் அடிப்பது இந்த மூன்றிலும் சேராது.

அரசியல் சட்டத்தின் 300ஏ பிரிவு, சட்டத்தின் அதிகாரம் இல்லாமல் யாருடைய சொத்தையும் பறிக்கக் கூடாது என்கிறது. 1978-இல் 44-வது திருத்தம் சொத்துரிமையை அடிப்படை உரிமைகளிலிருந்து எடுத்து இங்கே கொண்டுவந்து வைத்தது. அதோடு எல்லாம் போய்விட்டது என்று நம் ஊரில் பலரும் நினைக்கிறார்கள். அப்படி இல்லை. கொல்கத்தா மாநகராட்சி ஒரு தனியார் இடத்தை ஆவணத்தில் தன் பெயருக்கு மாற்றிக்கொண்டது. தெரு, பூங்கா போன்றவற்றுக்கு நிலம் எடுக்க எங்கள் சட்டத்தின் 352-வது பிரிவே அதிகாரம் தருகிறது என்று வாதாடியது. 2024 மே 16 அன்று உச்ச நீதிமன்றம் அதை ஏற்கவில்லை. அந்தப் பிரிவு எந்த இடம் தேவை என்று முடிவு செய்ய மட்டும்தான், எடுத்துக்கொள்ள அல்ல என்று சொல்லி, மாநகராட்சிக்கு 5 லட்சம் ரூபாய் செலவுத் தொகையும் விதித்தது. இழப்பீடு கொடுத்துவிட்டால் மட்டும் போதாது என்று அந்தத் தீர்ப்பு சொன்னதுதான் எனக்குப் பெரிதாகப் படுகிறது. முன்கூட்டி நோட்டீஸ் வேண்டும், ஆட்சேபணையைக் கேட்க வேண்டும், ஏன் எடுக்கிறோம் என்று காரணம் எழுதிச் சொல்ல வேண்டும். இவை ஒவ்வொன்றும் சொந்தக்காரரின் உரிமை என்கிறது.

அம்மா இதையேதான் தன் வார்த்தையில் சொன்னார். "ரோட்டுக்குத் தர மாட்டேன்னு நான் சொல்லலையே. கேட்டுட்டுப் பெயிண்ட் அடிச்சிருக்கலாம்ல?"

வாய்வார்த்தை விஷயத்தில் மட்டும் ஜாக்கிரதையாக இரு. என் அப்பா பள்ளிக்கூடப் பாதைக்கு ஒரு சென்ட் வாய்வார்த்தையாக விட்டார். பாதை வந்தது, பிள்ளைகள் போகிறார்கள், சந்தோஷம்தான். ஆனால் பட்டா இன்னும் அப்பா பேரிலேயே கிடக்கிறது. யார் கேட்டார், யார் கொடுத்தார் என்பதற்கு ஒரு துண்டுச் சீட்டு கிடையாது. இமாச்சலப் பிரதேசத்தில் ஹமீர்பூர் மாவட்டத்தில் 1967-68-இல் எழுதப் படிக்கத் தெரியாத ஒரு பெண்மணியின் நிலத்தில் இப்படித்தான் சாலை போட்டார்கள். கைம்பெண். வழக்கு உச்ச நீதிமன்றம் வந்தபோது அவருக்கு வயது 80. அவர் வாய்மொழியாக ஒப்புக்கொண்டார் என்றது மாநில அரசு, எதிரிடை அனுபவ பாத்தியமும் கேட்டது, அதாவது நீண்ட நாள் அனுபவித்துவிட்டோம், இனி நிலம் எங்களுக்கே என்று. தன் குடிமக்களின் நிலத்துக்கு அரசு அப்படி பாத்தியம் கொண்டாட முடியாது என்று 2020 ஜனவரி 8 அன்று தீர்ப்பு வந்தது, எட்டு வாரத்தில் இழப்பீடு தரச் சொல்லி. ஐம்பது வருடம், மாப்பிள்ளை. அந்தப் பெண்மணி அத்தனை நாளும் அந்தச் சாலையைப் பார்த்துக்கொண்டே இருந்திருப்பார்.

சரி, இப்போது நாம் செய்ய வேண்டியது. பட்டா, வரைபடம் இரண்டின் நகலையும் வைத்து, எங்கள் முன்னிலையில் அளந்து கல் நடுங்கள், அதுவரை மரத்தில் கை வைக்காதீர்கள் என்று ஊராட்சிக்கும் தாசில்தாருக்கும் பதிவுத் தபாலில் மனு போடுவோம். அம்மா பேரில் எழுதி வைத்துவிட்டேன். 2013-ஆம் வருட நிலம் எடுக்கும் சட்டப்படி எடுத்தால் முதல் அறிவிக்கைக்குப் பிறகு ஆட்சேபணை சொல்ல 60 நாள் உண்டு. மரங்களின் மதிப்பையும் சேர்க்க வேண்டும், அந்தத் தொகைக்குச் சமமாக இன்னொரு மடங்கு ஆறுதல் தொகையும் தர வேண்டும். அம்மாவுக்குத் தானமாகக் கொடுக்க மனமிருந்தால் அதுவும் சரி. சர்வே எண், அளவு எல்லாம் குறித்துப் பத்திரமாகப் பதியட்டும். வெற்றுக் காகிதத்தில் வேண்டாம்.

அப்புறம் தோப்புக்குக் குறுக்கே ஒற்றையடிப் பாதை போகிறதே, கோபத்தில் அதை வேலி போட்டு அடைக்கச் சொல்லிவிடாதே. 20 வருடத்துக்கு மேல் உரிமையோடு தடையில்லாமல் நடந்தவர்கள் வழிப்பாத்தியம் கேட்கலாம். நடக்கிற உரிமைதான் அவர்களுக்கு, மண் நம்முடையதே.

என் அக்கா மனைக்கும் இதே போல ஒரு கதை. நகரத் திட்ட வரைபடத்தில் அதன் மேல் சாலை ஓடுகிறது, கட்ட அனுமதி கிடைக்கவில்லை. 1971-ஆம் வருட நகர் ஊரமைப்புச் சட்டத்தின் 38-வது பிரிவு, மூன்று வருடத்துக்குள் கையகப்படுத்த அறிவிக்காமலும் பேசி வாங்காமலும் விட்டால் ஒதுக்கீட்டிலிருந்து நிலம் விடுபட்டதாகும் என்கிறது. அதை வைத்து மனு கொடுத்திருக்கிறோம்.

அந்தக் காகிதத்தைப் படம் எடுத்து உனக்கு வாட்ஸ்அப்பில் போட்டிருக்கிறேன், பார். சனிக்கிழமை அம்மாவைக் கூட்டிக்கொண்டு போய் ஒரு கண்ணாடி வாங்கித் தரலாம் என்றிருக்கிறேன். மனுவை அவரே ஒரு தடவை படித்துவிட்டுக் கையெழுத்துப் போடட்டும்.

அன்புடன்,
உன் மாப்பிள்ளை