படிவத்தில் அக்காவுக்கு ஒரு கட்டம் வேண்டும்

அகதிகளைப் பதிவு செய்யும் அலுவலர்களுக்கும், குடும்ப இணைப்பு விதிகளை வகுப்பவர்களுக்கும்,

வணக்கம். போருக்குத் தப்பி வருபவர்களுக்கு மொழிபெயர்ப்பாளராகச் சில காலம் பதிவு மேசையில் உட்கார்ந்தவள் நான். ஒரு நாள் அக்காவும் தங்கையும் வந்தார்கள். அக்காவின் கணவர் காணாமல் போயிருந்தார். கைக்குழந்தை தங்கையின் தோளில் தூங்கிக்கொண்டிருந்தது. படிவத்தில் கணவன், மனைவி, பிள்ளைகள், பெற்றோர் என்று நான்கே கட்டங்கள். “இவள்தான் எங்களைக் கூட்டிவந்தாள்” என்றாள் அக்கா. அதை எங்கே எழுதுவது? தங்கைக்குத் தனி அட்டை, நாலு வரிசை தள்ளித் தனிக் கூடாரம். முடிவு அலுவலருடையது, அவர்கள் காதில் விழுந்தது என் குரல்.

கணவன் இல்லாத இடத்தில் குடும்பத்தைத் தாங்குவது பல நேரம் கூடப்பிறந்தவள்தான். ஒருத்தி தண்ணீர் வரிசையில் நின்றால் இன்னொருத்தி குழந்தையையும் மூட்டையையும் பார்த்துக்கொள்வாள். இரவில் கழிப்பறைக்குப் போகத் துணை வேண்டும். காணாமல் போனவரை விசாரித்துவிட்டு வெறுங்கையோடு திரும்பும்போது, எதுவும் கேட்காமல் பக்கத்தில் உட்கார ஒரு ஆள் வேண்டும். சண்டையும் போடுவார்கள், அது வேறு.

போர்க்காலத்தில் பொதுமக்களைக் காக்க நாடுகள் செய்துகொண்ட 1949ஆம் ஆண்டின் நான்காவது ஜெனீவா ஒப்பந்தத்தின் 26ஆவது பிரிவு, போரால் சிதறிய குடும்பத்தினர் ஒருவரையொருவர் தேடவும், முடிந்தால் சந்திக்கவும் வழிசெய்யச் சொல்கிறது. அதில் அக்கா தங்கை சேரமாட்டார்கள் என்று ஒரு வரியும் இல்லை. பின்னால் வந்த விதிகள்தான் குடும்பத்தைச் சுருக்கின. வேறு நாட்டிலிருந்து வந்தவர் தன் குடும்பத்தை வரவழைத்துக்கொள்வது பற்றி 2003இல் வந்த ஐரோப்பிய ஒன்றியத்தின் குடும்ப இணைப்பு ஆணையில் நாடுகள் கட்டாயம் அனுமதிக்க வேண்டியவர்களாக வாழ்க்கைத்துணையும், வயது வராத பிள்ளைகளும், தனியாக வந்த சிறுவர்களின் பெற்றோரும் இருக்கிறார்கள். கூடப்பிறந்தவர்கள் அந்தக் கட்டாயப் பட்டியலில் இல்லை. அகதியை நம்பி வாழும் மற்ற உறவினர்களைச் சேர்ப்பது அந்தந்த நாட்டின் விருப்பம்.

யாரோ ஒருத்தியைத் தங்கை என்று பொய் சொல்லிவிட்டால்? சரி, நியாயமான பயம்தான். தனித்தனியே உட்காரவைத்து, சின்ன வயதுக் கதைகளைக் கேட்டு ஒப்பிட்டுப் பாருங்கள். ஒரே கூடாரம் ஒதுக்க அது போதும். இரண்டு அட்டைகளையும் பதிவேட்டில் இணைத்து வையுங்கள். ஒருத்தியை வேறு முகாமுக்கு மாற்றும் முன் மற்றவளையும் கேளுங்கள்.

அன்று கிளம்பும்போது தங்கை தன் அட்டையைத் திருப்பி என்னிடம் நீட்டினாள். அக்காவின் கூடார எண்ணைப் பின்பக்கத்தில் எழுதித் தரச் சொன்னாள். பேனாவால் எழுதிக் கொடுத்தேன்.

இப்படிக்கு,
ஒரு மொழிபெயர்ப்பாளர்