உங்கள் மந்திர மூலிகைக்கு வேர் எங்கே?

தமிழில் மிகுபுனைவு (ஃபேன்டசி) எழுதுவோருக்கும், கணினி விளையாட்டுகளுக்குக் கதை அமைப்போருக்கும், மூலிகை பயிரிடுவோரும் தாவரவியல் படித்தோரும் சேர்ந்து எழுதும் திறந்த மடல்.

அன்புடையீர், வணக்கம்.

உங்கள் உலகங்களில் வாளுக்குப் பெயர் இருக்கிறது, அரசனுக்கு ஏழு தலைமுறை வம்சாவளி இருக்கிறது. மூலிகை மட்டும் மலையுச்சியில் நீல ஒளி வீசிக்கொண்டு, எவன் வந்து பறிப்பான் என்று நிற்கிறது. நாயகன் பறிக்கிறான், கசக்கிப் பிழிகிறான், செத்தவர் எழுந்து உட்காருகிறார். எந்த மண், எந்தப் பருவம், எந்தப் பாகம், எவ்வளவு, தப்பினால் என்ன ஆகும் என்று ஒரு வரி கிடையாது. இதை மாற்றுங்கள் என்று கேட்கத்தான் எழுதுகிறோம்.

நம் பழைய கவிகள் இதில் கவனமாக இருந்தார்கள். போர்க்களத்துக்கு அனுமன் கொண்டுவந்தது ஒரு மூலிகை அல்ல, நான்கு. கம்பரின் மருத்துமலைப் படலத்தில் மாண்டவரை எழுப்ப ஒன்று, பிளந்த உடலைப் பொருத்த ஒன்று, தைத்த படைக்கலத்தை வெளியேற்ற ஒன்று, பழைய உருவத்தைத் திருப்பித் தர ஒன்று. உயிர் வந்துவிட்டது சரி, உடம்புக்குள் அம்பு இருக்கிறதே என்று யோசித்த மனம் அது. வால்மீகியிலோ, எடுக்க ஆள் வருவதைக் கண்டு மூலிகைகளே மறைந்துகொள்கின்றன. மலையைப் பெயர்க்க வேண்டிவந்தது அதனால்தான்.

மந்திரத்துக்கு வெகுதூரம் போகவும் வேண்டாம். செங்காந்தளைப் பாருங்கள், நம் மாநில மலர். மூலனூர், தாராபுரம், ஒட்டன்சத்திரம் பக்கம் கண்வலிக்கிழங்கு என்று பயிரிடுகிறார்கள். இலையின் நுனியே பற்றுக்கம்பியாகச் சுருண்டு கையில் கிடைத்ததைப் பிடித்து ஏறும். பூ பச்சையும் மஞ்சளுமாக விரிந்து நாளுக்கு நாள் சிவந்து, கடைசியில் முழுத் தழலாக நிற்கும். மகரந்தத்தை ஏற்க வேண்டிய சூலகத்தண்டு அடியிலேயே செங்கோணமாக மடிந்து மகரந்தத்தை விட்டு விலகிக்கொள்ளும். அதனால் நல்ல விளைச்சல் வேண்டுமென்றால் காலை எட்டு மணியிலிருந்து பதினொன்றுக்குள் பூப்பூவாகப் போய் ஆள்தான் மகரந்தம் தொட்டு வைக்க வேண்டும். மழைக்காலம் முடிந்தால் கொடி காய்ந்து மண்ணுக்கு மேல் ஒன்றும் இருக்காது. கலப்பை வடிவில் வளைந்த கிழங்கு உள்ளே உறங்கும். அதன் நுனியில் இருக்கும் சின்ன முளை உடைந்தால் அந்த நுனி துளிர்க்காது. இதில் நாங்கள் கற்பனை செய்து சேர்த்தது எதுவும் இல்லை.

இதை வைத்தே ஒரு கற்பனைச் செடி கட்டிக் காட்டுகிறோம். பெயர் நினைவுக்கொடி. பாறைச் சரிவில், நீர் நிற்காத செம்மண்ணில் வளரும். கிழங்குக்கு இரண்டு கை: ஒன்று இந்த ஆண்டுக் கை, மற்றது போன ஆண்டின் வற்றிய கை. புதுக் கை மறந்த ஒன்றை மீட்டுத் தரும். பழைய கை இருக்கும் ஒன்றை அழித்துவிடும். காய்ந்தபின் இரண்டும் பார்வைக்கு ஒன்றுதான். தண்ணீரில் போட்டால் புதியது மூழ்கும், பழையது மிதக்கும். கொடி முழுக்கக் காய்ந்த பிறகு, தண்டிலிருந்து ஒரு சாண் தள்ளிக் குழி பறித்து, பக்கவாட்டில் மண்ணைத் தள்ளி எடுக்க வேண்டும். பிடித்து இழுத்தால் முளை ஒடியும், ஒடிந்த கிழங்கில் சக்தி தங்காது. ஈரமணலில் முளை மேலே பார்க்கும்படி வைத்துத் தூக்கி வர வேண்டும். கட்டைவிரல் நகமளவு வில்லை ஒன்றை ஓர் உழக்குப் பாலில் இட்டுப் பாதியாகச் சுண்டவைத்து, மூன்று இரவு குடிக்க வேண்டும். அவசரப்பட்டு அதே மாதத்தில் மறுபடி கொடுத்தால் நினைவு வரும், ஆனால் வேறு யார் முகத்திலோ போய் ஒட்டிக்கொள்ளும். தாய் முகத்தில் எதிரியைக் காண்பான்.

இவ்வளவு சொன்னதும் கதை தானாக ஊறுவதைக் கவனியுங்கள். நீதிமன்றம் சாட்சிகளுக்குப் புதுக் கை கேட்கும். சிறைக்காவலர் மிதக்கும் கையை மலிவாக வாங்குவார்கள். செங்காந்தளைப் போலவே இதற்கும் பூப்பூவாக மகரந்தம் தொட்டு வைக்கும் பெண்கள் ஒரு காலை வேலைக்கு வராவிட்டால் அந்தப் பூக்களில் விதை இல்லை. ஆகவே அவர்கள் கூலியை எந்த அரசனாலும் குறைக்க முடியாது. பூக்கும் பருவத்தில் மலையில் போர் மூண்டால், சில ஆண்டு கழித்து நாட்டில் சாட்சியே இல்லாமல் போகும்.

கள்ளச் சரக்கையும் விடாதீர்கள். மூலிகை இருக்கும் இடத்தில் போலி இருக்கும். அசோகப் பட்டை என்று நெட்டிலிங்கப் பட்டை விற்பது இன்றும் நடக்கிறது. மனித உருவக் கிழங்கு என்று ஐரோப்பா அஞ்சிய மாண்ட்ரேக் இங்கிலாந்தில் இயல்பாக வளர்வதில்லை. அங்கே பிரையோனி என்ற கொடியின் வேரை ஆள் வடிவில் செதுக்கி விற்றார்கள்.

ஒரு செடி அரசையே அசைக்கும் என்பதும் மிகையல்ல. மிசோரமில் ஒருவகை மூங்கில் சுமார் 48 ஆண்டுக்கு ஒருமுறை காடு முழுக்க ஒன்றாகப் பூத்து, காய்த்து, மடிகிறது. அந்தக் காயைத் தின்று எலிகள் பெருகி, காய் தீர்ந்ததும் வயலில் இறங்குகின்றன. 1959-இல் அப்படி வந்த பஞ்சத்துக்கு நிவாரணம் தேடிப் பிறந்த அமைப்பே மிசோ தேசிய முன்னணியாகி 1966-இல் ஆயுதம் ஏந்தியது. 1986-இல்தான் உடன்பாடு வந்தது. அடுத்த பூப்பு எப்போது என்று முதியவர்கள் முன்பே அறிந்திருந்தார்கள். உங்கள் அரசவையில் அப்படிக் கணக்கு வைத்திருக்கும் ஒரு கிழவிக்கு இடம் கொடுங்கள்.

கடைசியாக ஒன்று. இதை வேண்டுகோளாக அல்ல, நிபந்தனையாகவே வைக்கிறோம். நீங்கள் கற்பித்த சக்தியை உண்மையான நச்சுச்செடியின் பெயரில் ஏற்றாதீர்கள். அரளி, ஊமத்தை, கண்வலிக்கிழங்கு எதையும் அமுதமாக்காதீர்கள். கண்வலிக்கிழங்கைச் சர்க்கரைவள்ளி என்று நினைத்து வேகவைத்துத் தின்றவர்கள் உண்டு. அதிலுள்ள கோல்கிசின் என்ற நஞ்சு உடனே ஒன்றும் காட்டாது. சில மணி நேரம் கழித்து வாந்தியும் பேதியும் தொடங்கும். அடங்கியது போலத் தெரியும்போது எலும்புமச்சையும் மற்ற உறுப்புகளும் பழுதாகும். பிழைத்தவருக்கும் இரண்டு மூன்று வாரத்தில் முடி கொட்டும். யாராவது தின்றுவிட்டால், அறிகுறி வரும்வரை காத்திராமல் அப்போதே மருத்துவமனைக்குக் கொண்டுபோக வேண்டும். உங்கள் கதையைப் பன்னிரண்டு வயதுப் பிள்ளைகளும் படிக்கிறார்கள், வேலியோரம் அந்தக் கொடி உண்மையிலேயே பூத்திருக்கிறது. புதுப் பெயர் வையுங்கள்.

இப்படிக்கு,
மூலிகை பயிரிடுவோரும் தாவரவியல் படித்தோரும்