மருந்தும் மலையேறி வரட்டும்: மக்கள் நல்வாழ்வுத் துறைக்கு ஒரு திறந்த மடல்

தமிழ்நாடு அரசின் மக்கள் நல்வாழ்வுத் துறைச் செயலாளர் அவர்களுக்கு வணக்கம்.

நீலகிரியில் இருளர், குறும்பர், பணியர் முதலிய பழங்குடி மக்களை வாட்டும் அரிவாள் அணு ரத்தசோகை குறித்து எழுதுகிறேன். ரத்தச் சிவப்பணுக்கள் அரிவாள்போல் வளைந்துவிடும் பரம்பரை நோய் இது. இந்தியாவில் இந்நோய்க்கூறு, அதாவது நோயை உண்டாக்கும் மரபணு, முதன்முதலில் பதிவான இடங்களுள் ஒன்று நீலகிரி, ஆண்டு 1952. இதற்கென ஒரு தேசிய ஒழிப்பு இயக்கம் 2023 ஜூலையில்தான் தொடங்கப்பட்டது. இடையில் ஓடிய 71 ஆண்டுகளில் எத்தனை குழந்தைகள் நோயின் பெயர்கூடத் தெரியாமல் இறந்திருப்பார்கள் என்று எண்ணும்போது நெஞ்சு கனக்கிறது.

உடலில் நீர்ச்சத்துக் குறைந்தாலும், குளிர் தாக்கினாலும், காய்ச்சல் கண்டாலும், வளைந்த சிவப்பணுக்கள் நுண்குழாய்களை அடைத்துக்கொள்ள, எலும்பைப் பிளப்பது போன்ற வலி எழுகிறது. தென்மேற்குப் பருவமழையில் பந்தலூர்ப் பக்கம் ஈரம் காயாத வீட்டில் படுத்தெழுந்து, நனைந்தபடியே கொழுந்து பறிக்கப் போகும் பெண்ணிடம் 'குளிரில் நிற்காதீர்கள்' என்று சொல்வது மருத்துவம் ஆகாது. அவருக்குத் தேவை ஹைட்ராக்சியூரியா மாத்திரை. வலி அடிக்கடி வராமல் தடுக்கும் இம்மருந்தை நாள் தவறாமல் உட்கொள்ள வேண்டும். குறிப்பிட்ட இடைவெளியில் ரத்த அணுக்களின் எண்ணிக்கையையும் பார்க்க வேண்டும். இதற்காக ஒவ்வொரு முறையும் ஒருநாள் கூலியை இழந்து, பேருந்து பிடித்துத் தொலைவிலுள்ள மருத்துவமனைக்குப் போக வேண்டியிருந்தால், சிகிச்சை பாதியிலேயே நின்றுவிடும்.

சர்க்கரை நோய்க்கும் ரத்த அழுத்தத்துக்கும் 2021 முதல் 'மக்களைத் தேடி மருத்துவம்' திட்டத்தில் வீட்டுக்கே மாத்திரை தருகிறோம். நாடே பாராட்டத் தக்க அந்த ஏற்பாடு, பழங்குடி மக்களின் இந்நோய்க்கும் அதே உறுதியுடன் கிடைக்க வேண்டும். மாத்திரையுடன் ரத்தப் பரிசோதனையும் ஊருக்கே வர வேண்டும்.

பரிசோதனை அட்டையைக் கையில் கொடுப்பதோடு கடமை முடிவதில்லை. பெற்றோருள் ஒருவரிடமிருந்து மட்டும் வந்த நோய்க்கூறு உள்ளவர் நோயாளி அல்லர் என்பதையும், தாய் தந்தை இருவருக்கும் அது இருந்தால் ஒவ்வொரு பேற்றிலும் குழந்தைக்கு நோய் வரும் வாய்ப்பு நான்கில் ஒன்று என்பதையும், அவரவர் மொழியில் பொறுமையாக விளக்க ஆள் வேண்டும். இல்லையேல் பழி பெண்ணின் தலையில்தான் விழும். கூடலூரில் ஆதிவாசிப் பெண்களே செவிலியராகப் பயிற்சி பெற்றுப் பணியாற்றும் முன்மாதிரி பல ஆண்டுகளாக நம் கண்முன் இருக்கிறது. அவ்வழியில் ஒவ்வொரு சமூகத்திலிருந்தும் சுகாதாரப் பணியாளர்களை நிரந்தர ஊதியத்தில் அமர்த்துங்கள். மலைப்பகுதி ஆரம்ப சுகாதார நிலையங்களில் இம்மருந்தின் இருப்பை மாதந்தோறும் பொதுவில் வெளியிடவும் ஆணையிடுமாறு வேண்டுகிறேன்.

இப்படிக்கு,
நீலகிரி மாவட்டக் குடிமகள் ஒருத்தி