‘வேறு சொற்களில் எழுதுக’ என்றால் எதை மாற்றுவது?

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். பல ஆண்டுகளாகப் பிழை திருத்தும் பணியில் இருப்பவன் என்ற முறையில், வினாத்தாள்களிலும் அலுவலகக் குறிப்புகளிலும் அடிக்கடி காணப்படும் ஓர் அறிவுறுத்தலைப் பற்றி எழுத விரும்புகிறேன். ‘கீழ்க்காணும் பத்தியை வேறு சொற்களில் எழுதுக’ என்பதே அது. எதற்காக என்ற விளக்கம் பெரும்பாலும் அதனுடன் வருவதில்லை. எளிமையாக்க வேண்டுமா, சுருக்க வேண்டுமா, பேச்சு நடையை எழுத்து நடையாக்க வேண்டுமா, படித்தது புரிந்தது என்று காட்ட வேண்டுமா என்பது தெரியாத நிலையில், எழுதுபவர் சொல்லுக்குச் சொல் பெயர்த்தெடுத்து, அகராதியில் அதற்கு அருகே கிடைக்கும் இன்னொன்றை அந்த இடத்தில் வைத்துவிடுகிறார்.

ஒரு முறை ‘நடையை மாற்றுக’ என்ற ஒற்றை வரியுடன் ஒரு செய்திக் குறிப்பு என்னிடம் வந்தது. மூலத்தில் ‘குற்றம் சாட்டப்பட்டவர்’ என்ற தொடர் ஐந்து இடங்களில் இருந்தது. எனக்கு முன் அதைத் திருத்தியவர், ஒரே தொடர் திரும்பத் திரும்ப வருகிறதே என்று கருதி, மூன்றாம் இடத்தில் ‘குற்றவாளி’ என்று மாற்றியிருந்தார். வழக்கிலோ தீர்ப்பே வந்திருக்கவில்லை. அவர் கவனமற்றவர் அல்லர். தம்மிடம் கேட்கப்பட்டது அதுதான் என்று உண்மையாகவே நம்பினார். அச்சேறும் முன் அது கண்ணில் பட்டது, ஆனால் அன்று அடைந்த அதிர்ச்சி இன்னும் எனக்கு மறக்கவில்லை.

இந்தத் தவற்றின் வேர், ஒரே சொல் இரு முறை வந்தால் அது ‘கூறியது கூறல்’ ஆகிவிடும் என்ற அச்சம். நன்னூல் அடுக்கும் பத்துக் குற்றங்களுள் அது ஒன்று என்பது உண்மையே. ஆயினும் அங்கே குற்றமாவது சொன்ன கருத்தையே பயனின்றி மீண்டும் சொல்வதாகும்; ஒரு பொருளுக்குரிய பெயரை வேண்டிய இடமெல்லாம் மாற்றாமல் எழுதுவது அன்று. அதே பட்டியலில் ‘மயங்க வைத்தல்’ என்பதும் இருப்பதை நாம் மறந்துவிடுகிறோம். ஓர் ஒப்பந்தத்தில் முதல் பத்தியில் ‘வாடகைதாரர்’, அடுத்ததில் ‘குடியிருப்பவர்’, அதற்கடுத்ததில் ‘குத்தகைதாரர்’ என்று ஒருவரையே மூன்று பெயரால் குறித்தால், படிப்பவர் மூன்று பேர் இருப்பதாகவே கொள்வார். அறிவியலில் இது இன்னும் கடுமையாகும். நிறையும் எடையும் பேச்சில் ஒன்றாகத் தோன்றலாம். நிலவுக்குச் சென்றால் ஒரு பொருளின் எடை ஏறத்தாழ ஆறில் ஒரு பங்காகக் குறையும், நிறை மாறாது. வெப்பத்துக்கும் வெப்பநிலைக்கும், வேகத்துக்கும் திசைவேகத்துக்கும் இடையே உள்ள வேறுபாடும் இத்தகையதே.

ஒரு பொருள் குறித்த பல சொற்களைத் திரட்டித் தந்த நிகண்டுகள் நமக்குப் பெரும் செல்வம். அவை சொற்களை ஓரிடத்தில் சேர்த்துத் தந்தன. எச்சொல்லையும் எங்கும் பெயர்த்து வைக்கலாம் என்ற உரிமையைத் தரவில்லை. ‘ஈ’, ‘தா’, ‘கொடு’ ஆகிய மூன்றும் இரத்தலையே குறித்தாலும், தாழ்ந்தவர் ‘ஈ’ என்றும், ஒத்தவர் ‘தா’ என்றும், உயர்ந்தவர் ‘கொடு’ என்றும் கேட்பர் எனத் தொல்காப்பியம் வகுத்துள்ளது. யார் யாரிடம் பேசுகிறார் என்பதை அறியாமல் இம்மூன்றில் ஒன்றைத் தேர்ந்தெடுக்க முடியாது என்பதை இதைவிடத் தெளிவாக எவரும் காட்டியதாக எனக்குத் தெரியவில்லை. கணினியில் ஒரே சொடுக்கில் சொற்களை மாற்றும் இக்காலத்தில் இது கூடுதலாகத் தேவைப்படுகிறது. ‘கால் மணி நேரம்’ என்பதில் உள்ள ‘கால்’ பாதமன்று என்பதை மனிதர் ஒருவர் படித்துப் பார்த்தே ஆக வேண்டும்.

அறிவுறுத்தல் தெளிவாக இல்லையெனில் கேட்டுத் தெளிவதே முறை. கேட்க வாய்ப்பில்லாத தேர்வறை போன்ற இடங்களில், கலைச்சொற்கள், பெயர்கள், எண்கள், ‘வேண்டும்’, ‘கூடாது’, ‘-லாம்’ என்னும் கட்டளை வடிவங்கள் ஆகியவற்றைத் தொடாமல், வாக்கிய அமைப்பை மட்டும் மாற்றி எழுதுவது நல்லது என்பது என் அனுபவம். ‘மருந்தை நிறுத்தக் கூடாது’ என்பது ‘நிறுத்தாமல் இருக்கலாம்’ என்று ஆகிவிட்டால், அதன் விளைவைச் சுமப்பவர் நோயாளி. வேறொருவர் எழுதியதை மாற்றி எழுதும்போது, சொற்கள் மாறிவிட்டதாலேயே கருத்து நம்முடையதாகிவிடாது என்பதால், மூல ஆசிரியர் பெயரைச் சொல்லியே ஆக வேண்டும்.

தங்கள் நாளிதழின் மாணவர் பகுதியில் இத்தகைய பயிற்சிகளை வெளியிடும்போது, யார் படிப்பதற்காக, எந்த நோக்கத்துக்காக மாற்றி எழுத வேண்டும், எந்தச் சொற்களை மாற்றக் கூடாது என்பதை வினாவின் கீழ் ஒரு வரியில் குறிப்பிடுமாறு பணிவுடன் கேட்டுக்கொள்கிறேன்.

இப்படிக்கு,
தங்கள் வாசகன்,
பிழை திருத்துநர் ஒருவர்